“நாட்ட அஞ்சு வருஷம் மிலிட்டரிகிட்ட குடுத்துடணும்” – இதுக்கு என்ன பதில் சொல்வது?

வெண்ணாற்றங்கரை (நீடாமங்கலம்)

இரண்டு நாளாக ஒரு பேச்சு மனதை உறுத்திக்கொண்டே இருக்கிறது. இங்கே கொட்டிவிடுகிறேன். விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

சனிக்கிழமை காலை ஸ்டேஷன் பக்கத்து டீக்கடையில் வழக்கமான பேச்சுதான். மேட்டூர் திறந்து இத்தனை நாளாகியும் கடைமடைக்குத் தண்ணீர் போய்ச் சேரவில்லை, கொள்முதல் நிலையத்தில் மூட்டைக்கு இவ்வளவு என்று கை நீட்டுகிறார்கள், போட்ட ரோடு மூன்றாம் மாதமே பெயர்ந்துவிட்டது. அந்த நேரம் பார்த்துத் தஞ்சாவூர் விமானப்படைத் தளத்திலிருந்து கிளம்பிய சுகோய் போர் விமானம் ஒன்று தலைக்கு மேலே இடித்துக்கொண்டு போனது. பெஞ்சில் இருந்த பெரியவர் அண்ணாந்து பார்த்துக் கும்பிட்டார். “ஒழுங்குன்னா இவனுங்கதான்யா. நாட்ட அஞ்சு வருஷம் மிலிட்டரிகிட்ட குடுத்துடணும். எல்லாம் தானா சரியாயிடும்” என்றார். கடையில் இருந்த ஏழெட்டுப் பேரும் தலையாட்டினார்கள். என்னிடம் பிளஸ் டூ படிக்கிற பையன் ஒருவனும் அங்கே நின்றான். “கரெக்ட்தானே சார்?” என்று என்னைப் பார்த்தான்.

நான் சரித்திர வாத்தியார். ஜனநாயகத்தில் ராணுவம் மக்கள் தேர்ந்தெடுத்த அரசுக்குக் கட்டுப்பட்டது என்று வருடா வருடம் போர்டில் எழுதிப் போடுகிறவன். அந்த இடத்தில் எனக்கு வார்த்தை வரவில்லை. “அப்படியெல்லாம் பேசக் கூடாதுப்பா” என்றேன். அது பதிலே இல்லை என்பது அவனுக்கும் தெரிந்தது.

ஏன் கூடாது? பாடப்புத்தகத்து வரி வேண்டாம். டீக்கடையில் நின்று சொல்லக்கூடிய பதில் வேண்டும்.

குறுவை (திருத்துறைப்பூண்டி)

சார், நானும் அந்தப் பெரியவர் கட்சிதான். ஒளிக்காம சொல்றேன்.

2018 நவம்பர் 16 விடியக்காலை கஜா புயல் அடிச்சப்ப எங்க கொல்லையில ஒரு தென்னை நிக்கல. கூரை போச்சு. கரண்டு வர ஒரு மாசத்துக்கு மேல ஆச்சு. அதிகாரின்னு ஒருத்தர் வந்து எட்டிப் பார்க்கவே ஆறு நாள். மிலிட்டரி கையில இருந்தா மறுநாளே வந்திருக்க மாட்டானா?

இன்னொண்ணு தண்ணி. 1991ல காவிரி நடுவர் மன்றம் இடைக்காலத் தீர்ப்பு குடுத்துச்சு, 205 டிஎம்சி. 2007ல இறுதித் தீர்ப்பு. 2018ல சுப்ரீம் கோர்ட்டு 177.25 டிஎம்சின்னு முடிச்சுது. ஆணையமும் வந்தாச்சு. மழை பெஞ்சா தண்ணி வருது, பெய்யலன்னா வழக்கு வருது. அணைச் சாவிய ராணுவத்துகிட்ட குடுங்க, தீர்ப்புப்படி அளந்து விடட்டும். இதுல என்ன தப்பு? யாராவது எனக்குப் புரியும்படி சொல்லுங்க.

கல்லணை (திருவையாறு)

பாகிஸ்தானைப் பாருங்கள், போதும். 1958, 1977, 1999 என்று மூன்று முறை ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. இதற்கு மேல் என்ன விளக்கம் வேண்டும்?

ஒரத்தநாடு ஹவில்தார்

தம்பி குறுவை, நான் மெட்ராஸ் ரெஜிமெண்ட்ல 24 வருஷம் இருந்துட்டு வந்தவன். பட்டாளத்து மேல நீங்க வெச்சிருக்கிற மரியாதைக்கு நன்றி. ஆனா நீங்க கேக்கிற வேலை எங்க வேலை இல்ல. ஏன்னு என் அனுபவத்துலேர்ந்தே சொல்றேன்.

வடக்கே ஒரு ஊர்ல இருந்தோம், பேரு வேண்டாம். அங்க கலவரம் வந்து தெருத்தெருவா தீ வெச்சுக்கிட்டாங்க. போலீஸால முடியல, எங்களைக் கூப்பிட்டாங்க. ‘எய்ட் டு சிவில்’னு சொல்லுவோம். ராத்திரி ரெண்டு மணிக்கு எல்லாரையும் வரிசையில நிக்க வெச்சாங்க. எங்க பட்டாலியன் தலைவர் சிஓ சாப் முதல்ல சொன்னதே “முன்னாடி நிக்கப் போறவன் எதிரி இல்ல, நம்ம ஆளு”ன்னுதான். வண்டி நேரா கலவர இடத்துக்குப் போகல. கலெக்டர் ஆபீசுக்குப் போய் ஒரு மாஜிஸ்ட்ரேட்ட ஏத்திக்கிட்டுப் போச்சு. சின்ன வயசு, என் கடைசித் தம்பி வயசுதான் இருக்கும். கை நடுங்குது, தண்ணி பாட்டில் மூடியைத் திறக்க முடியல அவரால. அந்த ஆள் எழுதிக் கையெழுத்துப் போட்டாத்தான் எங்க மேஜர் கூட்டத்தக் கலைக்க ஆர்டர் குடுக்க முடியும். மேஜர் ரெண்டு சண்டை பார்த்தவர், நெஞ்சு நெறைய மெடல். அவரு அந்தப் பையன்கிட்டப் போய் சல்யூட் அடிச்சு “சொல்லுங்க சார்”ன்னு நின்னாரு.

சுட வேண்டி வந்தா அதுக்கும் முறை இருக்கு. பேனர் விரிக்கணும், பிகிள் ஊதணும், அந்த ஊர் பாஷையில எச்சரிக்கணும். அப்புறமும் மொத்தப் படையும் சுடாது. இன்னார் இத்தனை ரவுண்டுன்னு பேர் சொல்லி ஆர்டர் வரும். முடிஞ்சதும் காலித் தோட்டாக் கூட்டை எல்லாம் பொறுக்கி எண்ணிக் கணக்கு ஒப்படைக்கணும். அன்னைக்குக் கூட்டம் பிகிளுக்கே கலைஞ்சு போச்சு. ஒரு ரவுண்டு கூடப் போகல. மூணாம் நாள் திரும்ப முகாமுக்கு வந்தப்ப எங்க சுபேதார் சாப் கோயில்ல தேங்காய் உடைச்சார்.

இப்ப உங்க கொள்முதல் நிலையத்துக்கு வருவோம். எங்க ஆளுங்களை உக்கார வெச்சா முதல் பருவம் நல்லா நடக்கும். மூணாவது பருவத்துல எங்க ஆளும் மூட்டைக்கு இவ்வளவுன்னு வாங்குவான். நாங்க என்ன வானத்துலேர்ந்தா குதிச்சோம், இதே ஊர்ப் பிள்ளைங்கதானே. அன்னைக்கு நீங்க யார்கிட்டப் போய் நிப்பீங்க? இப்ப மறியல் பண்றீங்க, பேப்பர்ல போடுறீங்க, அடுத்த தேர்தல்ல மாத்திப் போடுறீங்க. மிலிட்டரி நடத்துற நிலையத்து முன்னாடி மறியல் பண்ணிப் பாருங்க.

கஜாவுக்கும் சொல்றேன். எங்க ஊர்ல விழுந்த தென்னையை அறுத்து வழி விட்டது ஊர் இளவட்டம். கம்பம் நட்டது மின்வாரியத்துத் தொழிலாளிங்க, வெளி மாவட்டம் வெளி மாநிலத்துலேர்ந்தெல்லாம் வந்து வயக்காட்டுச் சேத்துல நின்னாங்க. சிப்பாய்க்கு மின்கம்பம் ஏறத் தெரியாதுப்பா.

ரங்கூன் பேரன் (தஞ்சாவூர்)

“அஞ்சு வருஷம் மட்டும்” என்ற வார்த்தையைப் படித்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

எங்கள் தாத்தா ரங்கூனில் ஒரு செட்டியார் கடையில் கணக்கப்பிள்ளை. அவர் கண்ணால் பார்த்துச் சொன்னது இது. 1958இல் பர்மாவில் ஆளுங்கட்சி இரண்டாக உடைந்து ஒரே குழப்பம். பிரதமர் ஊ நூ தானே ராணுவத் தளபதி நே வின்னை அழைத்து, “கொஞ்ச காலம் நீங்கள் பாருங்கள்” என்று ஆட்சியைக் கொடுத்தார். தளபதி ஒழுங்காகவே பார்த்தார். தெருக் குப்பை போனது, விலைவாசி இறங்கியது, ரங்கூன் நகரமே பளிச்சென்று ஆனது. 1960இல் தேர்தல் நடத்தி ஆட்சியைத் திருப்பியும் கொடுத்தார். தாத்தா உட்பட எல்லோரும் புகழ்ந்தார்கள். நீடாமங்கலம் பெரியவர் அன்று ரங்கூனில் இருந்திருந்தால் அவரும் புகழ்ந்திருப்பார்.

இரண்டு வருடம் கழித்து, 1962 மார்ச் 2, அதே நே வின் வந்தார். இந்த முறை யாரும் கூப்பிடவில்லை. திருப்பியும் கொடுக்கவில்லை. கடைகளை அரசுடைமையாக்கினார்கள். 1964 மே மாதம் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாது என்று அறிவித்தார்கள். லட்சக்கணக்கான இந்தியர்கள் உடுத்திய துணியோடு கப்பல் ஏறினார்கள். பாட்டியின் தாலிக்கொடியை எடை போட்டுப் பார்த்துத்தான் கப்பலில் ஏற்றினார்களாம். அதைச் சொல்லும்போதெல்லாம் பாட்டி தன் கழுத்தைத் தொட்டுப் பார்த்துக்கொள்வார். எங்கள் குடும்பம் தஞ்சாவூரில் ஒரு வாடகைத் திண்ணையில் மறுபடி முதலிலிருந்து தொடங்கியது.

அந்த நாட்டில் பத்து வருடம் போலத் தேர்தல் ஆட்சி எட்டிப் பார்த்தது. 2021 பிப்ரவரி 1 அன்று அதையும் ராணுவம் எடுத்துக்கொண்டது. தாத்தாவுக்குக் கடைசி வரை இருந்த வருத்தம் என்ன தெரியுமா? 1962ஐப் பற்றிக்கூட இல்லை. 1958இல் கை தட்டினோமே என்பதுதான். ஒருமுறை உள்ளே வந்து உட்கார்ந்து பழகியவருக்கு அடுத்த முறை வழி கேட்க வேண்டியதில்லை.

கும்பகோணம் வக்கீல்

ரங்கூன் பேரன் சொன்னதற்கு மேல் சொல்ல வேண்டியதில்லைதான். ஆனாலும் இந்தியாவில் இந்தக் கட்டுப்பாடு தானாக வந்துவிடவில்லை, செதுக்கிச் செதுக்கி உண்டாக்கினார்கள் என்பதை மாணவர்களுக்குச் சொல்லுங்கள் ஆசிரியரே.

வெள்ளைக்காரன் காலத்தில் தலைமைத் தளபதி என்பவர் வைஸ்ராய்க்கு அடுத்த இடத்தில் இருந்தவர். அவரே படைக்கும் தலைவர், வைஸ்ராயின் நிர்வாகக் குழுவில் ராணுவத்துக்கான உறுப்பினரும் அவரே. 1905இல் கர்சனுக்கும் தளபதி கிச்சனருக்கும் இந்த அதிகாரம் பற்றித்தான் மோதல் வந்தது. தோற்றுப் பதவி விலகியவர் கர்சன், வைஸ்ராய்! 1946 இடைக்கால அரசில்தான் பாதுகாப்புத் துறை பல்தேவ் சிங் என்ற அரசியல்வாதியிடம் வந்தது. டெல்லியில் தளபதி குடியிருந்த மாளிகை பிரதமர் நேருவின் வீடாயிற்று, அதுதான் தீன் மூர்த்தி பவன். 1949 ஜனவரி 15 கரியப்பா முதல் இந்தியத் தளபதியானார். 1955இல் தலைமைத் தளபதி என்ற பதவிப் பெயரையே எடுத்துவிட்டு, தரை, கடல், வான் மூன்றுக்கும் சமமாக மூன்று தளபதிகள் என்று வைத்தார்கள். அரசியல் சட்டம் 53(2) முப்படைத் தலைமையைக் குடியரசுத் தலைவரிடம் வைத்து, அதைச் சட்டப்படிதான் செலுத்த வேண்டும் என்கிறது. சட்டம் இயற்றுவது நாடாளுமன்றம். பணம் ஒதுக்குவதும் நாடாளுமன்றம்.

ஹவில்தார் ஐயா சொன்ன மாஜிஸ்ட்ரேட் கையெழுத்து பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 130ஆம் பிரிவு. இப்போதைய பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 149. எப்படிக் கலைப்பது என்பது ராணுவ அதிகாரியின் முடிவு, ஆனால் முடிந்தவரை குறைந்த பலம்தான் பயன்படுத்த வேண்டும். மாஜிஸ்ட்ரேட்டைத் தொடர்புகொள்ளவே முடியாத நிலையில் மட்டும் அதிகாரி தானாகச் செயல்படலாம், தொடர்பு கிடைத்ததும் அவர் சொல்கிறபடி நடக்க வேண்டும். இந்த நடைமுறை இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு அமிர்தசரஸ் இருக்கிறது. 1919 ஏப்ரலில் அங்கிருந்த சிவில் அதிகாரி நகரத்தை ராணுவத்திடம் விட்டுவிட்டு ஒதுங்கிக்கொண்டார். 13ஆம் தேதி ராணுவ அதிகாரி டயர் ஜாலியன்வாலா பாக்கில் எச்சரிக்கையே இல்லாமல் 1,650 ரவுண்டு சுட வைத்தார்.

குறுவை, உங்கள் அணைச் சாவிக்கு வருகிறேன். சாவி ராணுவத்திடம் போனால் ராணுவம் யார் சொன்னால் திறக்கும்? டெல்லி சொன்னால். டெல்லி நினைத்தால் ராணுவம் இல்லாமலே இன்றைக்குத் திறக்க வைக்கலாம். இல்லை, யாரையும் கேட்காமல் ராணுவமே திறக்கும் என்கிறீர்களா? அப்படியானால் ஒருநாள் யாரையும் கேட்காமல் மூடவும் செய்யும். அன்று நீங்கள் வழக்குப் போட நீதிமன்றமும் இருக்காது.

குறுவை (திருத்துறைப்பூண்டி)

சாவி விஷயம் ஒத்துக்கிறேன் சார். அது நான் யோசிக்காத கோணம்.

ஆனா ஒரு கேள்வி. ராணுவம் கவர்மெண்ட் சொல்றதக் கேக்கும்னு சொல்றீங்க. கவர்மெண்டே தப்பு பண்ணா? எங்க அப்பா நெருக்கடி நிலையப்ப மிசா சட்டத்துல உள்ள இருந்தவரு. 1975ல ராணுவம் என்ன பண்ணிச்சு?

கும்பகோணம் வக்கீல்

கடினமான கேள்வி. மழுப்பாமல் சொல்கிறேன்.

1975 ஜூன் 25 டெல்லி ராம்லீலா மைதானத்தில் ஜெயப்பிரகாஷ் நாராயண், சட்டவிரோதமான உத்தரவுக்குக் கீழ்ப்படிய வேண்டாம் என்று போலீசையும் ராணுவத்தையும் கேட்டுக்கொண்டார். அன்றிரவே நெருக்கடி நிலை வந்தது. அந்தப் பேச்சையே அரசு ஒரு காரணமாகக் காட்டியது. ராணுவம் இரு பக்கமும் சாயவில்லை. உங்கள் தகப்பனாரைப் பிடித்துப் போனதும் ராணுவம் இல்லை, அவரைக் காப்பாற்ற வந்ததும் ராணுவம் இல்லை.

அவர் வெளியே வந்தது எப்படி? 1977 மார்ச்சில் தேர்தல் நடந்தது, ஆண்டவர்கள் தோற்றார்கள், இறங்கினார்கள். ஒருவேளை 1975இல் ஒரு நல்ல தளபதி நல்ல எண்ணத்தோடு வந்து ஆட்சியைக் கவிழ்த்திருந்தால், அதை முடிவுக்குக் கொண்டுவர நம் கையில் என்ன இருந்திருக்கும்? உங்கள் தகப்பனார் பட்ட துன்பத்துக்கு இது ஆறுதல் ஆகாது. அதுவும் எனக்குத் தெரியும்.

கோடியக்கரை

எல்லோரும் டெல்லி, ரங்கூன் என்று பேசுகிறீர்கள். நான் கடற்கரையில் இருப்பவன், கடல் விஷயம் சொல்கிறேன்.

2022 அக்டோபர் 21. காரைக்காலில் இருந்து போன விசைப்படகு பாக் நீரிணையில் இருந்தது. சுட்டது இலங்கைக் கடற்படை இல்லை, நம்முடைய கடற்படை. மயிலாடுதுறை மாவட்டத்து மீனவர் ஒருவருக்குக் குண்டுக் காயம். பலமுறை எச்சரித்தும் படகு நிற்கவில்லை, எச்சரிக்கைக்காகச் சுட்டோம் என்றது கடற்படை. விசாரணைக்கும் உத்தரவிட்டது. வேதாரண்யம் கடலோரக் காவல் குழுமத்தில் வழக்குப் பதிவானது.

கரையில் அன்று எங்களுக்கு இருந்த மனநிலையைச் சொல்கிறேன். நாற்பது வருடமாக அந்தப் பக்கத்துத் துப்பாக்கிக்குப் பயந்து, நம் கப்பலைப் பார்த்தால் மூச்சு விடுகிறவர்கள் நாங்கள். ஹவில்தார் அண்ணன் சொன்ன பேனர், பிகிள், கையெழுத்துப் போடும் மாஜிஸ்ட்ரேட் எதுவும் நடுக்கடலில் கிடையாது. அங்கே எங்கள் மாஜிஸ்ட்ரேட் யார்?

அதோடு வக்கீல் சாரிடம் ஒன்று. அரசு ஊழியர் பணியில் இருக்கும்போது செய்ததற்கு நீதிமன்றம் வழக்கை எடுத்துக்கொள்ளவே அரசின் முன் அனுமதி வேண்டும் என்று சட்டம் இருக்கிறதாமே. அப்படியானால் கட்டுப்பாடு யார் கையில்? கேட்கிறேனே தவிர, கடற்படை மீது எனக்கு வெறுப்பு இல்லை. 2004 டிசம்பர் 26க்குப் பிறகு நாகப்பட்டினம் மாவட்டத்தில் ஆறாயிரத்துக்கும் மேல் பிணம். அதைத் தூக்க எங்களோடு நின்ற சிப்பாய்களின் முகம் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. அவர்களும் கலெக்டர் சொன்ன தெருவுக்குத்தான் போனார்கள். அதனால்தான் கேட்கிறேன். கரையில் இருந்த அந்த முறை கடலில் ஏன் இல்லை?

ஒரத்தநாடு ஹவில்தார்

கோடியக்கரைத் தம்பி, உங்க பதிவை நாலு தரம் படிச்சேன். கடல் எனக்குத் தெரியாது. அந்தக் கப்பல்ல இருந்தவங்களுக்கு என்ன தெரிஞ்சுது, என்ன தெரியலன்னு இங்க உக்காந்து நான் சொல்றது சரியில்ல. ஆனா போலீஸ் ஸ்டேஷன்ல அந்த வழக்கு எழுதினாங்க பாருங்க, அது படைக்கு அவமானம்னு சில பேர் அன்னைக்கு எழுதினாங்க. நான் அப்படி நெனைக்கல. சீருடை போட்டவன் மேல ஒரு சாதாரண ஏட்டு கேஸ் எழுத முடியற நாட்டுக்காகத்தான் நான் 24 வருஷம் எல்லையில நின்னேன்.

காயம்பட்ட அந்தப் புள்ளைக்கு என் வயசுல ஒரு அப்பா இருப்பாரு. அவர்கிட்ட நான் என்ன சொல்ல முடியும்.

கும்பகோணம் வக்கீல்

கோடியக்கரை சொன்ன முன் அனுமதிச் சட்டம் உண்மைதான். பழைய சட்டத்தில் 197ஆம் பிரிவு. கலவரப் பகுதிகளில் படைக்குத் தனி அதிகாரம் தரும் 1958ஆம் ஆண்டின் ஆயுதப்படைச் சிறப்பு அதிகாரச் சட்டம் அமலில் இருக்கும் இடங்களில் அதன் 6ஆம் பிரிவு இதே போன்ற தடையைப் போடுகிறது. 2016 ஜூலையில் மணிப்பூர் வழக்கில் உச்ச நீதிமன்றம், அந்தச் சட்டம் இருந்தாலும் அளவுக்கு மீறிய பலத்தைப் பயன்படுத்தினால் விசாரணையிலிருந்து தப்ப முடியாது என்று தெளிவாகச் சொன்னது. கதவு முழுக்க மூடியில்லை என்பதுதான் என்னால் சொல்ல முடிந்தது. முழுக்கத் திறந்திருக்கிறது என்று உங்களிடம் சொன்னால் அது பொய்.

உறந்தை (திருச்சி)

துப்பாக்கித் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். இந்த இழையில் எல்லோரும் தளபதி மந்திரிக்குக் கீழ்ப்படிகிறாரா என்பதையே சுற்றி வருகிறீர்கள். நம் நாட்டில் அந்தப் பாதி நன்றாகவே நடக்கிறது. 1959இல் ராணுவத் தளபதி திம்மையா ராஜினாமா கொடுத்தார், நேரு திரும்பப் பெற வைத்தார். 1998 டிசம்பரில் கடற்படைத் தளபதி விஷ்ணு பகவத்தைப் பதவி நீக்கம் செய்தார்கள், அவர் வீட்டுக்குப் போனார். அமெரிக்காவில் 1951இல் தளபதி மக்ஆர்தரை அதிபர் ட்ரூமன் நீக்கியதைப் பெரிதாகப் பேசுகிறோம், நம்மிடமும் அது இருக்கிறது.

கல்லணை, பாகிஸ்தானைப் பார்த்தால் போதும் என்று எழுதியிருக்கிறீர்கள். போதாது. இரண்டு ராணுவமும் ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள், 1947இல் பாகம் பிரித்தது. இங்கே 1950இல் அரசியல் சட்டம், 1951-52இல் பொதுத் தேர்தல். அங்கே அரசியல் சட்டம் வரவே 1956 ஆனது. நாடு தழுவிய முதல் பொதுத் தேர்தல் 1970இல். சிவில் பக்கம் காலியாகக் கிடந்தது, ராணுவம் வந்து உட்கார்ந்தது.

என் கவலை மற்ற பாதி. கீழ்ப்படிகிறவரைக் கேள்வி கேட்க ஆள் இருக்கிறதா? உத்தரவு போடுகிறவரைக் கேட்க ஆள் இருக்கிறதா? 1962 அக்டோபர் 12 அன்று கொழும்புக்குக் கிளம்பிய நேரு, சீனரை விரட்டச் சொல்லி ராணுவத்துக்கு உத்தரவிட்டாகிவிட்டது என்று பத்திரிகையாளர்களிடம் சொன்னார். களத்தில் சிப்பாய்க்குக் குளிருக்கு உடுப்பு இல்லை, குண்டு போதாது. தோற்றோம். ஏன் தோற்றோம் என்று ராணுவ அதிகாரிகள் ஹெண்டர்சன் புரூக்ஸ், பகத் இருவரும் எழுதிய அறிக்கையை அரசு அறுபது வருடம் தாண்டியும் வெளியிடவில்லை. அந்தப் போரில் பிள்ளையைக் கொடுத்த தாய்மார்கள் காரணம் தெரியாமலே போய்ச் சேர்ந்துவிட்டார்கள். தளபதி மந்திரிக்குப் பதில் சொன்னார். மந்திரி யாருக்குப் பதில் சொன்னார்?

நம் திருச்சியில் பிறந்தவர் கே. சுப்ரமணியம். ஐஏஎஸ் அதிகாரி, சீருடை போடாத மனிதர். வாழ்நாள் முழுக்க ராணுவ விஷயத்தைக் கரைத்துக் குடித்தார். 1999இல் கார்கில் போர் முடிந்ததும் எங்கே கோட்டை விட்டோம் என்று ஆராயும் குழுவுக்கு அவரைத்தான் தலைவராகப் போட்டார்கள். அந்த அறிக்கை, சில பகுதிகள் நீக்கப்பட்டாலும், நாடாளுமன்றத்துக்கு வந்தது, அச்சாகியும் வெளிவந்தது. அதைத் தொடர்ந்த விவாதங்களின் கடைசியில்தான் 2019 டிசம்பரில் முப்படைத் தலைமைத் தளபதி பதவி உருவானது. விஷயம் தெரிந்த சிவிலியன் ஒருவர் கேட்டால் ராணுவம் பதில் சொல்லும், மரியாதையோடும் சொல்லும். தெரியாதவர் கேட்டால் கோப்பு மட்டும் மேலும் கீழும் போய் வரும். அதைச் சிவிலியன் கட்டுப்பாடு என்று சொல்லிக்கொள்கிறோம். எங்கள் தொழிற்சாலையில் அந்தக் கோப்புக்காகக் காத்திருந்த நாட்கள் எனக்குத் தெரியும்.

அதே சுப்ரமணியத்தின் நினைவுச் சொற்பொழிவு 2013இல் டெல்லியில் நடந்தது. பேசியவர் ப. சிதம்பரம். சிறப்பு அதிகாரச் சட்டத்தைத் திருத்த விடாமல் ராணுவத் தரப்பு உறுதியாக நிற்கிறது, அரசு எப்படி நகரும் என்று கேட்டார். அதற்கு முன் உள்துறை அமைச்சராக இருந்தவர், அப்போது நிதி அமைச்சர். அவரே இப்படிக் கேட்டால் கோடியக்கரைக்காரர் யாரிடம் போவார்?

ஜெர்மனியில் ராணுவத்தைக் கண்காணிக்கவே நாடாளுமன்றம் தனியாக ஓர் ஆணையரை நியமிக்கிறது. எந்தச் சிப்பாயும் மேலதிகாரியைத் தாண்டி அவருக்கு நேராக எழுதலாம். வெளிநாட்டுக்குப் படை போக வேண்டுமென்றால் நாடாளுமன்றம் ஒப்ப வேண்டும். ஹிட்லர் காலத்தை அனுபவித்தவர்கள் யோசித்து வைத்தது. நமக்கு அதே அச்சு வேண்டும் என்று சொல்லவில்லை. 2025-26க்குப் பாதுகாப்புக்கு ஒதுக்கியது ஏறக்குறைய 6.81 லட்சம் கோடி ரூபாய். அந்தத் தொகைக்குத் தகுந்த நேரம் அதைப் பற்றி மக்களவையில் பேசுகிறார்களா என்றுதான் கேட்கிறேன். 2018இல் நாடாளுமன்ற நிலைக்குழு முன்னால் ராணுவத் துணைத் தளபதி, தளவாடங்களில் 68 சதவீதம் பழசு என்று உள்ளதை உள்ளபடி சொன்னார். கேட்டார்கள், சொன்னார். கேட்டால் பதில் வருகிறது.

கல்லணை (திருவையாறு)

உறந்தை ஐயா, ஒத்துக்கொள்கிறேன். அவசரப்பட்டு ஒற்றை வரியில் எழுதிவிட்டேன்.

வெண்ணாற்றங்கரை (நீடாமங்கலம்)

நான்கு நாளாகப் படித்துக்கொண்டிருக்கிறேன். எல்லோருக்கும் நன்றி. ரங்கூன் பேரனின் பதிவை அச்செடுத்து வகுப்பில் வாசித்தேன். தாலிக்கொடி வந்த இடத்தில் வகுப்பு அமைதியாகிவிட்டது.

உறந்தை ஐயா திருச்சிக்காரரைச் சொன்னதும் எனக்குப் பட்டுக்கோட்டைப் பக்கத்து ராஜாமடம் நினைவுக்கு வந்தது. ஆர். வெங்கட்ராமன் பிறந்த ஊர். 1942 போராட்டத்தில் சிறை போன வக்கீல், தொழிற்சங்கக்காரர். 1982 முதல் 1984 ஆகஸ்ட் வரை நாட்டின் பாதுகாப்பு அமைச்சர். ஏவுகணைத் திட்டம் 1983இல் அவர் காலத்தில் தொடங்கியது. 1984 ஏப்ரலில் சியாச்சின் பனிமலைக்குப் படை ஏறியதும், அதே ஆண்டு ஜூனில் அமிர்தசரஸில் சீக்கியர்களின் பொற்கோயிலுக்குள் ராணுவம் போனதும் அவர் அமைச்சராக இருந்தபோதுதான். பொற்கோயிலுக்குப் பின் சில முகாம்களில் சீக்கியச் சிப்பாய்கள் கலகம் செய்து வெளியேறினார்கள் என்று பையன்களிடம் சொன்னேன். ஒருவன் உடனே, “அப்ப சிவில் கவர்மெண்ட் சொல்லித்தானே சார் ஆர்மி உள்ள போச்சு? தப்பு யாரு மேல?” என்று கேட்டான். டீக்கடையில் “கரெக்ட்தானே சார்” என்று என்னைப் பார்த்தானே, அதே பையன்.

அதற்கும் எனக்கு உடனே பதில் வரவில்லை. ஆனால் இந்த முறை வகுப்பு முழுக்க அதைப் பற்றி ஒரு மணி நேரம் பேசினோம். சொந்த ஊருக்குள், சொந்த மக்களுக்கு எதிரே படையை நிறுத்துவதற்கு முன் அரசியல்வாதி செய்ய வேண்டிய வேலை எத்தனை பாக்கி இருந்தது என்று பேச்சு போயிற்று.

குறுவை (திருத்துறைப்பூண்டி)

நேத்து ராத்திரி எங்க வாய்க்காலுக்குத் தண்ணி வந்துருச்சு. மதகு பாக்கிற லஸ்கர்கிட்ட நாங்க பதினஞ்சு பேர் போய் நின்னோம், அவரு அதிகாரிக்குப் போன் போட்டாரு, ரெண்டு மதகு தள்ளி அடைச்சு வெச்சிருந்த ஷட்டரைத் தூக்கிவிட்டாங்க. விடிய விடிய மடை பார்த்துட்டு வந்து இப்பத்தான் இதைப் படிக்கிறேன்.

ஹவில்தார் அண்ணே, நான் மொதல்ல எழுதினத வாபஸ் வாங்கிக்கிறேன். கோபம் போகல, அது தனி. கோடியக்கரைக்காரர் கேட்டதுதான் என்னைத் தூங்க விடல.

ஒண்ணு தெரிஞ்சுக்கணும். எங்க தொகுதி எம்பி இத்தன வருஷத்துல ராணுவம், கடற்படை பத்தி எத்தன கேள்வி கேட்டிருக்காரு? மீனவங்க மேல சுட்டதப் பத்தி யாராவது கேட்டாங்களா, மந்திரி என்ன பதில் சொன்னாரு? இத எங்க போய்ப் பாக்கிறது?

வெண்ணாற்றங்கரை (நீடாமங்கலம்)

மக்களவை இணையதளத்தில் கேள்வி பதில் பகுதி இருக்கிறது. உறுப்பினர் பெயர், அமைச்சகம் இரண்டையும் கொடுத்துத் தேடலாம். பாதுகாப்பு அமைச்சகம் என்று போட்டுப் பாருங்கள். என் வகுப்பில் ஆறு பிள்ளைகள் டெல்டாவின் தொகுதிகளைப் பிரித்துக்கொண்டு திங்கட்கிழமை முதல் தேடுவதாகச் சொல்லியிருக்கிறார்கள். நாகப்பட்டினம் அந்தப் பையன் பொறுப்பு. கிடைப்பதை இதே இழையில் போடுகிறோம்.